கூடுதலாகக் கொடுத்த சம்பளத்தை அரசு திரும்பப் பிடிக்கலாமா?

ஊதிய நிர்ணயத்தில் அலுவலகம் செய்த தவறால் கூடுதலாகப் போன சம்பளத்தை, தணிக்கையில் தெரிந்ததும் ஊழியரிடமே பிடிப்பதுதான் 'மீட்பு'. பணம் அரசுடையதுதான். ஆனால் பொய் சொல்லி வாங்காதவர் அதை அரிசி, பள்ளிக் கட்டணம் என்று எப்போதோ செலவழித்திருப்பார். மளிகைக்கடைக்காரர் தன் கணக்குப் பிழைக்கு ஆறு வருடம் கழித்துப் பாக்கி கேட்பது போலத்தான் இது.

அதனால்தான் பஞ்சாப் அரசு வழக்கில் 2014 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் வரம்பு கட்டியது: சி, டி பிரிவு (கீழ்நிலைப் பணி) ஊழியர், ஓய்வு பெற்றவர், ஓராண்டுக்குள் ஓய்வு பெறவிருப்பவர் ஆகியோரிடம் பிடிக்கக் கூடாது, 5 ஆண்டுகளுக்கு மேல் கொடுத்து வந்ததையும் பிடிக்கக் கூடாது. 'கூடுதலானால் திருப்பித் தருகிறேன்' என்று எழுதிக் கொடுத்திருந்தால் சிக்கல்தான். அப்படி எழுதித் தந்த நீதித்துறை அதிகாரி ஒருவரிடம் பிடிக்கலாம் என்று 2016-ல் அதே நீதிமன்றம் சொன்னது.

பழைய தொகையைப் பிடிக்காததால் கூடுதல் சம்பளம் தொடரும் என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை, இனிவரும் சம்பளத்தை அரசு திருத்தலாம்.