கேள்வி – பதில்: மார்த்தா ஏன் கிளம்பவில்லை?

இயக்குநர் ஃபாஸ்பிண்டர் மேற்கு ஜெர்மன் தொலைக்காட்சிக்கு எடுத்த 'மார்த்தா' (1974) படம் பார்த்தேன். படித்தவள், நூலகத்தில் வேலை பார்த்தவள். கல்யாணமான கையோடு ஏன் கிளம்பிப் போகவில்லை?
– வாசகி, தஞ்சாவூர்

கிளம்பத் தேவையானதை எல்லாம் கணவன் ஹெல்முட் ஒவ்வொன்றாகப் பிடுங்கிவிடுகிறான். அந்த வரிசையில்தான் படமே இருக்கிறது. முதலில், பயந்தவளை ரோலர் கோஸ்டரில் ஏற்றுகிறான். இறங்கி அவள் வாந்தியெடுத்ததும் கல்யாணம் கேட்கிறான். பயமும் சந்தோஷமும் அங்கேயே ஒரே முடிச்சாகிவிடுகின்றன. தேனிலவில் அவளைக் கடும் வெயிலில் தூங்கவிட்டு, தோல் வெந்து கிடக்கும்போது அவள்மேல் பாய்கிறான். இதையும் அன்பு என்றே எடுத்துக்கொள்ளப் பழகிவிட்டாள். மற்றதெல்லாம் அதன் பிறகு சுலபம். அவளைக் கேட்காமலே நூலக வேலைக்கு ராஜினாமா கொடுக்கிறான். அவள் விரும்பிய இசையமைப்பாளர் தோனிசெட்டியின் இசைத்தட்டை விட்டு, தனக்குப் பிடித்த இன்னொரு இசையமைப்பாளர் லாஸ்ஸோவைக் கேட்கச் சொல்கிறான். தன் தொழிலைப் புரிந்துகொள்ள கான்கிரீட் பற்றிய புத்தகத்தைப் படிக்கச் சொல்கிறான். பிறகு தொலைபேசி போகிறது, வெளியே போவதும் நிற்கிறது.

தனித்தனியாகப் பார்த்தால் எதுவும் வீட்டை விட்டுப் போகிற அளவுக்குப் பெரிதாகத் தெரியாது. அவனுக்குப் பிடித்தபடி மாறினால் இதெல்லாம் நின்றுவிடும் என்று நம்பி, அந்தக் கான்கிரீட் புத்தகத்தையும் மனப்பாடம் செய்கிறாள். மாற மாற அவன் கேட்பது கூடுகிறதே தவிரக் குறைவதில்லை. கடைசியில் நண்பனோடு காரில் தப்பும்போது விபத்து. நண்பன் இறந்துவிட, நடக்க முடியாமல் போன மார்த்தாவைச் சக்கர நாற்காலியில் வைத்து ஹெல்முட்டே தள்ளிப் போகிறான். லிஃப்ட் கதவு மூடுகிறது.

ரோமில் இருவரும் முதன்முதலில் எதிர்ப்படும்போது தலை சுற்றியது. எப்படி எடுத்தார்கள்?
– வாசகர், கோவை

ஒளிப்பதிவாளர் மிஷாயேல் பால்ஹவுஸின் வேலை. கேமரா 360 டிகிரி சுற்றுகிறது, நடிகர்களும் கூடவே திரும்புகிறார்கள். ஒரு வார்த்தை பேசுவதற்குள் வளையம் விழுந்துவிடுகிறது. மீண்டும் பார்த்தால் இந்த இடத்தில் ஒலியைக் குறைத்துவிட்டு உடல்களை மட்டும் கவனியுங்கள்.

மனைவியின் வேலையைக் கணவன் ராஜினாமா செய்ய மேற்கு ஜெர்மனியில் சட்டம் இடம் கொடுத்ததா?
– வாசகி, திருச்சி

1974-இல் இல்லை. நீதிமன்ற அனுமதியோடு மனைவியின் வேலை ஒப்பந்தத்தைக் கணவன் முறிக்கும் உரிமை 1958 ஜூலையோடு போய்விட்டது. ஆக, அந்த ராஜினாமா செல்லாது என்று மார்த்தா ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லத் தோன்றாததுதான் கொடுமை. ஆனால் குடும்பக் கடமைக்கு இடைஞ்சல் இல்லாவிட்டால்தான் மனைவி வேலைக்குப் போகலாம் என்ற பிரிவு 1977 வரை இருந்தது. தேனிலவில் அவன் செய்தது வன்புணர்ச்சிக் குற்றமாக 1997-இல்தான் ஜெர்மன் சட்டத்தில் ஏறியது.