விழுவதற்கும் கணக்கு உண்டு

கேள்வி: ஊமைப்படக் காலத்து நகைச்சுவைக் குறும்படங்களைப் பெரிய கலை என்று கொண்டாடுகிறார்களே! எல்லாரும் காலில் வெந்நீரைக் கொட்டிக்கொண்டதுபோல ஓடுவதும், உதைப்பதும், விழுவதும் தவிர அவற்றில் என்ன இருக்கிறது?
– ஒரு வாசகர், திருச்சி

பதில்: முதலில் அந்த வெந்நீரைப் பார்ப்போம். நீங்கள் கண்ட ஓட்டத்தில் பெரும்பகுதி நடிகர்களுடையது அன்று. படத்தைத் தவறான வேகத்தில் ஓட்டியவருடையது. அக்காலக் கேமராவைக் கையால் சுழற்றினார்கள். நொடிக்குச் சுமார் 16 முதல் 20 சட்டங்கள், அதாவது தனித்தனி நிழற்படங்கள், வரை பதிவாயின. பேசும்படம் வந்தபின் நிலைபெற்ற 24 சட்ட வேகத்தில் அதே சுருளை ஓட்டினால், நிதானமாக நடப்பவரும் ஓடத்தான் செய்வார். துரத்தல் காட்சிகளுக்காக வேண்டுமென்றே மெதுவாகச் சுழற்றியதும் உண்டு. ஆனால் அது இயக்குநர் முடிவு செய்த வேகம்.

அடுத்து, விழுவது. ஊமைப்பட நகைச்சுவை நடிகரும் இயக்குநருமான பஸ்டர் கீட்டனின் 'ஒன் வீக்' (1920) இரண்டே சுருள், அதாவது சுமார் இருபது நிமிடப் படம். பெட்டிகளில் வந்த பாகங்களைக் கொண்டு புதுமணத் தம்பதி வீடு கட்டுகிறார்கள். பெண்ணின் மீது ஆசை வைத்திருந்தவன் பெட்டிகளின் எண்களை மாற்றிவிட, வீடு கோணல்மாணலாக எழுகிறது. கட்டிய மனையும் தவறானது என்று தெரிந்து வீட்டை இழுத்துச் செல்லும்போது, அது தண்டவாளத்தின் மேல் சிக்கிக்கொள்கிறது. ரயில் வருகிறது. தம்பதி முகத்தைத் திருப்பிக்கொள்ள, ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்று அவர்கள் மூச்சுவிடும் நேரத்தில், எதிர்த்திசையிலிருந்து வரும் இன்னொரு ரயில் வீட்டை நொறுக்குகிறது. முதல் ரயில் வேறு தண்டவாளத்தில் வருவது நமக்கும் தெரியாதபடி கேமராவை நிறுத்திய இடத்தில்தான் அந்தச் சிரிப்பே பிறக்கிறது. தூக்கி எறியப்படுவதையே தொழிலாகக் கொண்டு, சிறு வயது முதல் பெற்றோருடன் மேடையேறிய கீட்டனுக்கு விழத் தெரிந்திருந்ததில் வியப்பில்லை. எங்கே நின்று பார்க்க வேண்டும் என்பதும் அவருக்குத் தெரிந்திருந்ததே பெரிது.

ஓட்டத்தை நம்பாத படம் வேண்டுமானால் நகைச்சுவை இரட்டையர் லாரல், ஹார்டி நடித்த 'பிக் பிசினஸ்' (1929) பாருங்கள். கலிபோர்னியாவில் வீடுவீடாகக் கிறிஸ்துமஸ் மரம் விற்கும் இருவருக்கும் ஒரு வீட்டுக்காரருக்கும் சண்டை. அவர் மரத்தைக் கத்தரிக்க, இவர்கள் கதவோரத்தைக் கத்தியால் செதுக்குகிறார்கள். ஒருவர் சேதப்படுத்தும்போது மற்றவர் தடுப்பதில்லை. ஏதோ பரிசோதனையைக் கவனிப்பதுபோலப் பொறுமையாக நின்று பார்த்துவிட்டு, தன் முறை வந்ததும் ஒரு படி மேலே போகிறார். வீடும் காரும் சிதைந்து முடியும் வரை இந்த மரியாதை குலைவதில்லை. காவலர் ஒருவரும் வண்டியில் அமர்ந்தபடி எல்லாவற்றையும் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டிருக்கிறார். அவருக்கும் அவசரம் கிடையாது.