நூரின் நோட்டுப் புத்தகம்

அன்புள்ள சார்,

இரண்டாம் உலகப் போரில் பிரிட்டனுக்காக உளவு பார்த்த நூர் இனாயத் கானைப் பற்றி குன்னூர் கூட்டத்தில் நீங்கள் பேசியதைக் கேட்டேன். ஒன்று மட்டும் பிடிபடவில்லை. பொய்யும் கொலையும் பாவம் என்று வளர்ந்தவர் உளவு வேலைக்கு எப்படிப் போனார்? கொள்கையைக் கைவிட்டுவிட்டார் என்றுதானே அர்த்தம்?

ஒரு வாசகி, கோத்தகிரி

அன்புள்ள தங்கைக்கு,

கைவிட்டிருந்தால் அவர் பாடு சுலபமாகியிருக்கும்.

நூர், சூஃபி குருவின் மகள். திப்பு வம்சம். (நம்ம குன்னூர் பக்கத்துப் பக்காசூரன் கோட்டை ஒருகாலத்தில் திப்புவின் காவல் கோட்டை!) புத்தரின் முற்பிறவிகளைச் சொல்லும் ஜாதகக் கதைகளைக் குழந்தைகளுக்காக எழுதி 1939-ல் புத்தகமாக்கினார். அதில் ஒரு குரங்கு ராஜா தன் உடம்பையே பாலமாக்கித் தன் கூட்டத்தைக் கரை சேர்க்கும். கருமந்திகள் கிளை தாவும்போதெல்லாம் எனக்கு அந்த ராஜாதான் ஞாபகம் வருவார்.

மறுவருஷம் ஜெர்மன் படை பாரிசுக்குள் வந்தது. பாரிஸ் பக்கம் வாழ்ந்த நூரின் குடும்பம் இங்கிலாந்துக்குத் தப்பியது. நூரும் தம்பியும் ஒரு முடிவெடுத்தார்கள்: யாரையும் கொல்லக் கூடாது, ஆனால் உயிருக்கு ஆபத்தான வேலையாகத்தான் ஏற்க வேண்டும். அப்படித்தான் வயர்லெஸில் செய்தி அனுப்பும் வேலைக்கு வந்தார்.

சரி, பொய்? அதில்தான் திண்டாடினார். போர் முடிந்ததும் இந்திய விடுதலையின் பக்கம் நிற்பேன் என்று நேர்காணலில் பிரிட்டிஷ் அதிகாரிகளிடமே சொன்னவர். உளவுப் பயிற்சியில், எதிரியிடம் சிக்கியதுபோல் போலி விசாரணை வைத்தபோது குரலே எழும்பவில்லை.

1943 ஜூனில் பிரான்சில் இறங்கினார். சில நாட்களிலேயே அவர் சேர்ந்த உளவுக் குழு சிதறிப்போனது. திரும்பி வா என்றது லண்டன், மறுத்துவிட்டார். கனத்த வயர்லெஸ் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாக மாறினார். ஒரே இடத்தில் நீண்ட நேரம் செய்தி அனுப்பினால் ஜெர்மன் வண்டிகள் அலையை மோப்பம் பிடித்து வந்துவிடும்.

ஒரு குறையையும் சொல்லிவிட வேண்டும். அனுப்பிய செய்திகளை நோட்டில் எழுதிப் பத்திரமாக வைத்திருந்தார். செய்திகளைக் கவனமாகக் கையாளச் சொன்ன உத்தரவைத் தவறாகப் புரிந்துகொண்டார் என்பார்கள். இருக்கலாம், சொன்னதைச் சொன்னபடி செய்கிறவர்களுக்கு இப்படி நடக்கும். அக்டோபரில் பிடிபட்டபோது நோட்டும் சிக்கியது. அவர் சகாக்களைக் காட்டிக்கொடுக்கவில்லை, ஆனால் நோட்டு பேசிவிட்டது. ஜெர்மானியர்கள் அவர் பெயரில் லண்டனுக்குச் செய்தி அனுப்பினார்கள். நம்பி வந்து பாராசூட்டில் குதித்தவர்கள் நேரே அவர்கள் கையில் விழுந்தார்கள். நூர் மேல் எனக்கிருக்கும் பிரியத்தில் இதைச் சொல்லாமல் விட மனசு வரவில்லை.

அப்புறம் ஜெர்மனியின் ஃபோர்ஸ்ஹைம் சிறையில் பத்து மாதம், சங்கிலியோடு. விசாரணையில் வாய் திறக்காதவர், சாப்பாட்டுக் கிண்ணத்தின் அடியில் அம்மாவின் லண்டன் விலாசத்தைக் கீறி அனுப்பினார். பக்கத்து அறைப் பெண் கைதிகள் அதைப் படித்தார்கள். 1944 செப்டம்பர் 13 அன்று, டாஹாவ் நாஜி வதைமுகாமில் சுட்டுக் கொன்றார்கள். முப்பது வயது.