செஞ்சியில் இல்லாத பாறையா?

கேள்வி: மதுரையிலிருந்து டாலஸில் இருக்கும் மகன் வீட்டுக்கு வந்திருக்கிறோம். எனக்கு வயது 63, கணவருக்கு 68. நவம்பரில் ஊர் திரும்புகிறோம். அதற்குள் கிராண்ட் கேன்யனைப் பார்த்துவிட வேண்டும் என்று எனக்கு ரொம்ப நாள் ஆசை. மகனுக்கு லீவு கிடைக்காது. லாஸ் வேகஸிலிருந்து கிளம்பும் மூன்று நாள் வேன் டூர் ஒன்றைக் காட்டி, "செப்டம்பர் கடைசியில நீங்க ரெண்டு பேரும் போயிட்டு வாங்கம்மா" என்கிறான். ஸயான், பிரைஸ், ஆன்டிலோப், கிராண்ட் கேன்யன் என்று நான்கு இடங்கள். எனக்கு மூட்டுவலி, அவருக்குச் சர்க்கரை. இருவரும் சைவம். கைடு பேசும் இங்கிலீஷ் புரியுமா என்ற பயம் வேறு. அவரோ, "பாறையைப் பார்க்க இவ்வளவு டாலரா? செஞ்சிக்கோட்டையில இல்லாத பாறையா?" என்கிறார். போகலாமா, வேண்டாமா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: போங்கள். "அடுத்த தடவை வரும்போது மகன் லீவு போட்டுக் கூட்டிப் போவான்" என்று மட்டும் தள்ளிப் போடாதீர்கள். அடுத்த தடவை பேரப்பிள்ளை பிறந்திருக்கும், உங்களுக்கு அடுப்படியை விட்டு நகர நேரம் இருக்காது.

உங்கள் வீட்டுக்காரர் கேட்டதற்குக் கடைசியில் வருகிறேன். அவர் சொன்னதில் ஒரு நியாயம் இருக்கிறது.

நீங்கள் சொல்லும் நான்கு இடங்களையும் சுற்றி லாஸ் வேகஸுக்குத் திரும்பினால் கிட்டத்தட்ட 1,300 கிலோமீட்டர். மதுரையிலிருந்து சென்னைக்குப் போய், திரும்பி வந்து, மறுபடியும் சென்னைக்குப் போன கணக்கு. வழியில் மணிக்கணக்கில் ஊரே கிடையாது, பல இடங்களில் செல்போன் சிக்னலும் கிடையாது. அங்கே மகனே கார் ஓட்டினாலும் மூன்றாம் நாள் அவன் கண் சொருகும். அதனால் இந்தச் சுற்றுக்கு வேனும் கைடும் வைத்துப் போவது கௌரவக் குறைச்சல் இல்லை. ஆன்டிலோப் கேன்யனுக்கு எப்படியும் தனியாகப் போக முடியாது. அது நவஹோ பழங்குடி மக்களின் நிலம். அவர்களுடைய கைடு கூட வந்தால்தான் உள்ளே விடுவார்கள்.

ஆனால் பணம் கட்டும் முன் ஒன்று செய்யுங்கள். விளம்பரத்தில் எத்தனை இடம் என்று எண்ணாதீர்கள். ஒவ்வொரு இடத்திலும் வேன் எத்தனை நிமிடம் நிற்கும் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். நான் இதைப் பட்டுத்தான் கற்றுக்கொண்டேன். முதல் முறை போனபோது இரண்டு நாளில் ஐந்து இடம் என்று ஆசைப்பட்டு ஒரு டூரில் சேர்ந்தேன். கிராண்ட் கேன்யனில் சூரியன் மறைவதைப் பார்க்கக் கொடுத்த நேரம் 25 நிமிடம். அதில் பாதி கழிவறை வரிசையில் போனது. வெளியே ஓடி வந்தபோது வானம் சாம்பல் நிறமாகிவிட்டது. வேனில் இருந்தவர்கள் எல்லோரும் தங்கள் போட்டோக்களைக் காட்டி எனக்கு ஆறுதல் சொன்னார்கள்! ஒரு இடத்தைக் குறைத்து, கிராண்ட் கேன்யனில் குறைந்தது நான்கு மணி நேரம் கொடுக்கும் டூர் கிடைத்தால் அதை எடுங்கள். அங்கே ஓர் இரவு தங்க வைத்தால் யோசிக்கவே வேண்டாம்.

அப்புறம், எந்த கிராண்ட் கேன்யன்? லாஸ் வேகஸில் விற்கும் டூர்களில் பலரும் இதில்தான் ஏமாந்துபோகிறார்கள். இரண்டு, இரண்டரை மணி நேரத்தில் போய்விடக்கூடிய "வெஸ்ட்" என்பது ஹுவாலபாய் பழங்குடியினருக்குச் சொந்தமான இடம். 2007-இல் திறந்த கண்ணாடிப் பாலம் அங்கேதான் இருக்கிறது. அதுவும் அழகான இடம்தான், ஆனால் அது தேசியப் பூங்கா இல்லை. நீங்கள் காலண்டர்களில் பார்த்து ஆசைப்பட்டது "சவுத் ரிம்" எனப்படும் தென் விளிம்பாகத்தான் இருக்கும். லாஸ் வேகஸிலிருந்து நாலரை மணி நேரத்துக்குக் குறையாது. டூர் தாளில் "சவுத் ரிம்" என்ற சொல் இருக்கிறதா என்று மகனைப் பார்க்கச் சொல்லுங்கள்.

பணத்திலும் ஒரு புது விஷயம். 2026 ஜனவரி முதல், அமெரிக்காவில் வசிக்காத வெளிநாட்டவர் 16 வயதோ அதற்கு மேலோ ஆனவராக இருந்தால், 11 தேசியப் பூங்காக்களில் வழக்கமான கட்டணத்துக்கு மேல் தலைக்கு 100 டாலர் கூடுதலாகக் கட்ட வேண்டும். ஸயான், பிரைஸ், கிராண்ட் கேன்யன் மூன்றுமே அந்தப் பட்டியலில் உண்டு. விசிட்டர் விசாவில் வந்திருக்கும் உங்கள் இருவருக்கும் சேர்த்து அதுவே 600 டாலர் ஆகிறது. வெளிநாட்டவருக்கு 250 டாலரில் வருடாந்திர பாஸ் ஒன்று இருக்கிறது. டூர் கட்டணத்தில் இந்த 100 டாலர்கள் அடக்கமா, இல்லாவிட்டால் பாஸ் வாங்கிக்கொண்டு வந்தால் ஏற்பார்களா என்று முன்கூட்டியே கேளுங்கள். வாசலில் போய் நின்று கேட்டால் உங்கள் வீட்டுக்காரர் அங்கிருந்தே திரும்பிவிடுவார்! இதுபோக, கைடுக்குக் கடைசி நாளில் டிப்ஸ் கொடுப்பது அங்கே வழக்கம் மட்டுமல்ல, எதிர்பார்ப்பும்கூட. சில்லறை நோட்டுகள் வைத்துக்கொள்ளுங்கள்.

இப்போது உங்கள் முழங்காலுக்கு வருவோம். பயப்படும் அளவுக்கு ஒன்றுமில்லை.

ஸயானில் நீங்கள் பள்ளத்தாக்கின் அடியில் நின்று மேலே பார்ப்பீர்கள், மற்ற இரண்டு பூங்காக்களிலும் மேலே நின்று கீழே பார்ப்பீர்கள். அதனாலேயே இது முதலில் வருவது நல்லது. உள்ளே வருடத்தின் பெரும்பகுதி சொந்த வண்டிகளை விடுவதில்லை, பூங்காவின் ஷட்டில் பஸ்தான். கடைசி நிறுத்தத்தில் இறங்கினால் ஆற்றை ஒட்டித் தளம் போட்ட பாதை ஒன்று ஒரு மைல் தூரம் போகிறது. கை வீசி நடக்கலாம். முடியாவிட்டால் பாதியில் திரும்பலாம், யாரும் கேட்கமாட்டார்கள். ஏஞ்சல்ஸ் லேண்டிங் என்று சங்கிலியைப் பிடித்து ஏறும் ஒரு பாறையைப் பற்றி வேனில் இளைஞர்கள் பேசுவார்கள். அதற்கு 2022 முதல் தனி அனுமதிச் சீட்டு வேண்டும். நமக்கு அந்தக் கவலை இல்லை.

பிரைஸ் கேன்யன், பெயர்தான் கேன்யன், உண்மையில் ஆறு அறுத்த பள்ளத்தாக்கு இல்லை. பாறை இடுக்கில் இறங்கும் தண்ணீர் இரவில் உறைந்து விரிந்து, பகலில் உருகி, மறுபடி உறைந்து, பாறையைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பிளந்து வைத்திருக்கிறது. மிச்சம் நிற்பவை ஆயிரக்கணக்கான ஆரஞ்சுத் தூண்கள். அந்தப் பகுதிப் பழங்குடிகளான பையூட் மக்கள் இவற்றை, தந்திரக்காரக் கயோட்டி ஓநாய் கல்லாக மாற்றிய ஆட்கள் என்று சொல்வார்கள். அகலிகை கதை கேட்டு வளர்ந்த நமக்கு அதை நம்புவதில் சிரமம் இருக்காது. இங்கே கீழே இறங்காதீர்கள். இறங்குவது சுலபம், ஏறும்போது முட்டி மட்டுமல்ல மூச்சும் வாங்கும், ஏனென்றால் விளிம்பே 8,000 அடிக்கு மேல் இருக்கிறது. தெற்குக் கோடியில் ரெயின்போ பாயின்ட் 9,115 அடி, நம் தொட்டபெட்டாவைவிட உயரம். சன்ரைஸ் பாயின்டிலிருந்து சன்செட் பாயின்ட் வரை விளிம்பிலேயே தளம் போட்ட அரை மைல் பாதை போதும். சொல்லப்போனால் அதுதான் பிரைஸின் சாரம். செப்டம்பர் கடைசியில் விடிகாலைக் குளிர் கடுமையாக இருக்கும், அக்டோபரில் பூஜ்யம் டிகிரியைத் தொடும். ஸ்வெட்டர், குல்லா, சாக்ஸ் மூன்றும் வேண்டும்.

ஆன்டிலோப்பில்தான் நீங்கள் யோசித்துத் தேர்ந்தெடுக்க வேண்டும். மேல் கேன்யன், கீழ் கேன்யன் என்று இரண்டு உண்டு. கீழ் கேன்யனில் செங்குத்தான இரும்புப் படிகள் வழியாக நிலத்துக்குள் இறங்க வேண்டும், உங்களுக்கு வேண்டாம். மேல் கேன்யனில் மணல் தரையில் நேராக உள்ளே நடந்து போகலாம். திரும்பும் வழியில் படிகள் உண்டா, எத்தனை என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள். தண்ணீர் குடைந்த அந்த இடுக்கில் மேலிருந்து வெயில் இறங்கும்போது சுவர்கள் பட்டுப்புடவை மடிப்பு மாதிரி, ஒரு பக்கம் அரக்கு, ஒரு பக்கம் மாம்பழ மஞ்சள் என்று மாறிக்கொண்டே இருக்கும். உள்ளே பை கொண்டுபோக விடமாட்டார்கள், போனைக் கையில் வைத்துக்கொள்ளலாம்.

அதைக் குடைந்த தண்ணீர் இன்னும் வந்துகொண்டுதான் இருக்கிறது. 1997 ஆகஸ்ட் 12 அன்று கீழ் கேன்யனில் 11 சுற்றுலாப் பயணிகள் வெள்ளத்தில் இறந்தார்கள். அவர்கள் நின்ற இடத்தில் பெருமழை எதுவும் இல்லை. எங்கோ பல மைல் தள்ளிப் பெய்த மழை சுவராக வந்தது. அதனால் வானம் வெளுத்திருக்கும்போதே கைடு "இன்றைக்கு உள்ளே போக முடியாது" என்று சொன்னால் பேரம் பேசாதீர்கள். மழைக்காலம் ஜூலை முதல் செப்டம்பர் வரை. தேதியை அக்டோபர் முதல் வாரத்துக்குத் தள்ள முடிந்தால் இன்னும் நல்லது.

அங்கே இன்னொரு வேடிக்கை. யூட்டாவும் அரிசோனாவும் பக்கத்துப் பக்கத்து மாநிலங்கள். ஆனால் அரிசோனா கோடைக்காலத்துக்குக் கடிகாரத்தை மாற்றுவதில்லை, யூட்டா மாற்றும். அரிசோனாவுக்குள்ளேயே நவஹோ நிலம் மாற்றும், அதை ஒட்டிய பேஜ் என்ற ஊர் மாற்றாது. உங்கள் போன் எந்த டவரைப் பிடிக்கிறதோ அந்த நேரத்தைக் காட்டும், ஒரே அறையில் இரண்டு போனிலும் ஒரு மணி வித்தியாசம் வரும். கையில் பழைய கடிகாரம் கட்டிக்கொண்டு, கைடு சொல்லும் நேரத்துக்கு அதைத் திருப்பி வைத்துக்கொள்ளுங்கள்.

வெயிலைப் பற்றி மதுரைக்காரர்களுக்கு நான் என்ன சொல்வது என்று நினைக்கலாம். அங்கேதான் நாம் தவறு செய்கிறோம். நம் ஊரில் வியர்வை சட்டையை நனைத்து எச்சரிக்கை கொடுக்கும். பாலைவனத்தில் வியர்வை வந்த உடனே காய்ந்துவிடும், தாகமும் தாமதமாகத்தான் தெரியும். தலை வலிக்கும்போதுதான் புரியும். தாகம் எடுக்காவிட்டாலும் அரை மணிக்கு ஒரு தடவை நாலு மடக்கு தண்ணீர், கூடவே கொஞ்சம் உப்புக் கடலை. கழிவறைக்குப் பயந்து தண்ணீரைக் குறைக்காதீர்கள், பெண்கள் நாம் எல்லோரும் செய்யும் காரியம் அது. வேனை நிறுத்தச் சொல்ல வெட்கப்பட வேண்டாம். உங்கள் வீட்டுக்காரரின் மாத்திரைகளும், அவர் இன்சுலின் போடுகிறவர் என்றால் அதுவும், கைப்பையிலேயே இருக்கட்டும். பூட்டிய வேன் வெயிலில் அடுப்பாகிவிடும், இன்சுலின் கெட்டுவிடும். கிளம்பும் முன் டாக்டரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். அங்கே சாப்பாட்டு நேரம் நம் கையில் இல்லை. மருத்துவக் காப்பீட்டு அட்டையும் அசல் பாஸ்போர்ட்டும் கூடவே இருக்கட்டும்.

சாப்பாட்டுக்கு, டாலஸிலிருந்தே புளியோதரையும் தக்காளித் தொக்கு தடவிய சப்பாத்தியும் கட்டிக்கொண்டு போனால் முதல் இரண்டு வேளை கவலை இல்லை. தேங்காய் சேர்த்தது வேண்டாம். வழியில் பீன்ஸ் வைத்த பரிட்டோ, அதாவது சப்பாத்திச் சுருள் மாதிரியான மெக்சிகோ பண்டம், கிடைக்கும். ஆனால் பீன்ஸைப் பன்றிக் கொழுப்பில் வதக்கும் கடைகளும் உண்டு, கேட்டு வாங்குங்கள். நவஹோ பகுதியில் ஃப்ரை பிரெட் என்று நம் பூரிக்கு அக்கா மாதிரி ஒன்று விற்பார்கள். 1860-களில் அந்த மக்களை ராணுவம் சொந்த மண்ணிலிருந்து நூற்றுக்கணக்கான மைல் நடத்திக் கொண்டுபோய் அடைத்து வைத்தபோது, ரேஷனாகக் கொடுத்த மாவிலும் கொழுப்பிலும் பிறந்த பண்டம் அது என்று சொல்வார்கள். அதையும் எந்த எண்ணெயில் பொரித்தது என்று கேட்டுவிட்டே சாப்பிடுங்கள்.

இங்கிலீஷ் பயத்தை விடுங்கள். முதல் நாள் காலையிலேயே கைடிடம் போய், "மெதுவாகச் சொல்லுங்கள், எனக்கு முழங்கால் வலி, நான் எப்போதும் கடைசியில்தான் வருவேன்" என்று மூன்று விஷயம் சொல்லிவிடுங்கள். மகனிடம் அதை ஒரு தாளில் எழுதி வாங்கி நீட்டினாலும் சரிதான். திரும்ப வேண்டிய நேரத்தை மட்டும் விரல் விட்டுக் காட்டி உறுதி செய்துகொள்ளுங்கள். பாறைகளைப் பற்றி அவர் சொல்வது பாதி புரியாமல் போனாலும் நஷ்டமில்லை.

இனி செஞ்சிக்கோட்டை. உங்கள் வீட்டுக்காரர் சொன்னது ஒரு விதத்தில் சரி. செஞ்சிப் பாறைக்குச் சுமார் 250 கோடி வயது. கிராண்ட் கேன்யனின் அடியில் ஆற்றை ஒட்டித் தெரியும் கருத்த பாறைக்கு 170 கோடி சொச்சம்தான். வயதில் செஞ்சிதான் மூத்தது, இதை அவரிடம் தாராளமாகச் சொல்லுங்கள். ஆனால் செஞ்சியில் பாறையின் வெளிப்புறத்தை மட்டும் பார்க்கிறோம். இங்கே கொலராடோ ஆறு, கடந்த ஐம்பது அறுபது லட்சம் வருடங்களில், ஒன்றரை கிலோமீட்டர் ஆழத்துக்குக் கத்தி போட்டு வெட்டி உள்ளே இருப்பதைத் திறந்து காட்டியிருக்கிறது. மேலே நாம் நிற்கும் அடுக்கு 27 கோடி வருடம் முன்பு கடலடியில் படிந்த சுண்ணாம்புக்கல். அங்கிருந்து அடுக்கு அடுக்காகக் கீழே இறங்கினால் அந்தக் கருத்த பாறை. அதன் பெயர் என்ன தெரியுமா? விஷ்ணு. 1880-களில் இந்த இடத்தை ஆராய்ந்த கிளாரன்ஸ் டட்டன் என்ற புவியியலாளருக்கு, உள்ளே எழுந்து நின்ற பாறைக் குன்றுகள் கீழை நாட்டுக் கோயில்களாகத் தெரிந்தன. ஒன்றுக்கு விஷ்ணு கோயில், இன்னொன்றுக்கு சிவன் கோயில் என்று பெயர் வைத்தார். வரைபடங்களில் இன்றும் அதே பெயர்கள்தான். கைடிடம் கேட்டால் தென் விளிம்பிலிருந்தே கை நீட்டிக் காட்டுவார்.

அங்கே யவபாய் என்ற சிறிய புவியியல் அருங்காட்சியகத்தின் வாசலிலிருந்து விளிம்பை ஒட்டி ஒரு சமமான பாதை தொடங்குகிறது. ஒரு மீட்டருக்குப் பத்து லட்சம் வருடம் என்று தரையில் வெண்கலக் குறிகள் பதித்திருக்கிறார்கள். ஓரத்தில் அந்தந்தக் காலத்துப் பாறைத் துண்டுகளை வைத்திருக்கிறார்கள், தொட்டுப் பார்க்கலாம். விஷ்ணு பாறை வயதுக்கு வர ஒன்றே முக்கால் கிலோமீட்டர், செஞ்சி வயதுக்கு இரண்டரை கிலோமீட்டர். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு அவரை அதில் நடக்க விடுங்கள், சர்க்கரைக்கும் நல்லது. நீங்கள் உடன் நடக்க வேண்டாம், அருங்காட்சியகத்துக்குள்ளேயே கண்ணாடி ஜன்னல் வழியே பள்ளத்தாக்கு முழுசாகத் தெரிகிறது. வேன் கிளம்பும் நேரத்தை மட்டும் ஒரு துண்டுச் சீட்டில் எழுதி அவர் சட்டைப் பையில் வைத்துவிடுங்கள்.