இங்கே திங்கள், எதிர்க்கரையில் செவ்வாய்

கேள்வி: நேரம் தாறுமாறாக ஓடும் ஒரு கற்பனை நீரிணையை வைத்துக் கதை எழுதுகிறேன். படகில் போகிறவன் நாளைய தேதிக்குள் நுழைந்துவிடுகிறான். நிஜத்தில் இப்படி ஓர் இடம் உண்டா?

பதில்: உண்டு, பெரிங் நீரிணை. ரஷ்யாவின் சுக்கோட்காவுக்கும் அமெரிக்காவின் அலாஸ்காவுக்கும் நடுவே, மிகக் குறுகிய இடத்தில் சுமார் 85 கி.மீ. அகலம். மத்தியில் இரண்டு பாறைத் தீவுகள். பெரிய டயோமீட் ரஷ்யாவுடையது, சின்ன டயோமீட் அமெரிக்காவுடையது. இடையில் நாலு கிலோமீட்டர் கடல்கூட இல்லை. நாட்டெல்லையும், தாண்டினால் தேதி ஒரு நாள் மாறிவிடும் பன்னாட்டுத் தேதிக் கோடும் அந்த இடைவெளியில்தான் சேர்ந்தே போகின்றன. சின்னத் தீவில் அலாஸ்கப் பூர்வகுடிகளான இனூபியாட் மக்களின் சிறு கிராமம் இருக்கிறது. பெரிய தீவின் பூர்வகுடிகளை சோவியத் அரசு பெருநிலத்துக்குக் குடிபெயர்த்துவிட்டது. இப்போது எல்லைக் காவலர்கள்தான். திங்கட்கிழமை பகலில் சின்னத் தீவின் கரையில் நின்றால் எதிரே தெரியும் மலையில் செவ்வாய்க்கிழமை.

கேள்வி: இரண்டு தீவுக்கும் 24 மணி நேர வித்தியாசம் என்கிறார்கள், சிலர் 21, சிலர் 20 என்கிறார்கள். எது சரி?

பதில்: 24 தவறு. மற்ற இரண்டும் சரி, காலத்தைப் பொறுத்து. பெரிய டயோமீட் உலகப் பொது நேரத்துக்கு (UTC) 12 மணி முன்னால் இருக்கிறது. சின்ன டயோமீட், அலாஸ்கா நேரப்படி, 9 மணி பின்னால். ஆக 21. மார்ச் இரண்டாம் ஞாயிறு முதல் நவம்பர் முதல் ஞாயிறு வரை அலாஸ்காவில் கடிகாரத்தை ஒரு மணி முன்னே நகர்த்திவைக்கிறார்கள். ரஷ்யாவில் அந்த வழக்கம் இப்போது இல்லை. அதனால் அந்த மாதங்களில் 20.

ஒரு தீவிலிருந்து மறு தீவுக்கு நேராகக் கணக்குப் போடாதீர்கள். கூட்டுவதா கழிப்பதா என்று அங்கேதான் குழம்பும். முதலில் உலகப் பொது நேரத்துக்கு வாருங்கள். ஜனவரியில் சின்னத் தீவில் திங்கள் காலை 9 மணி என்று வைத்துக்கொள்வோம். 9 கூட்டினால் பொது நேரம் திங்கள் மாலை 6. அதோடு 12 கூட்டினால் பெரிய தீவில் செவ்வாய் காலை 6. சென்னை நேரம் வேண்டுமென்றால் பொது நேரத்தோடு ஐந்தரை கூட்டுங்கள்: திங்கள் இரவு 11.30. பழகிய பிறகு குறுக்குவழி உண்டு. சின்னத் தீவின் கடிகாரத்தில் குளிர்காலத்தில் 3 மணியும் கோடையில் 4 மணியும் குறைத்து, தேதியில் ஒன்று கூட்டினால் போதும்.

இந்தக் கணக்கில் பலர் கவனிக்காத ஒன்று ஒளிந்திருக்கிறது. சின்னத் தீவில் நள்ளிரவு 12 மணி முதல் விடியற்காலை 3 வரை (கோடையில் 4 வரை) இரண்டு தீவிலும் ஒரே தேதிதான். உங்கள் நாயகன் இரவு இரண்டு மணிக்குத் துடுப்புப் போட்டுக் கரை சேர்ந்தால் 'நாளை'யைப் பார்க்க முடியாது!

இன்னொரு பிழை, ஒரு தீவில் பகல், மறு தீவில் இரவு என்று எழுதுவது. மேலே சூரியன் ஒன்றே. அது உச்சிக்கு வரும்போது குளிர்காலத்தில் சின்னத் தீவின் கடிகாரம் பிற்பகல் சுமார் 2.15 காட்டும், பெரிய தீவில் முற்பகல் 11.15, மறுநாள் தேதியோடு. மாதத்துக்கு மாதம் இது கால் மணி முன்பின் ஆகும். சூரியனுக்கு நெருக்கமாக ஓடுவது ரஷ்யக் கடிகாரம்தான் என்பது எனக்கு என்றும் வியப்பு.

கேள்வி: குளிர்காலத்தில் கடல் உறைந்துவிடுமாமே, நடந்தே போகலாமா?

பதில்: பனி பாலம் போட்டாலும் சட்டம் விடாது, அங்கே குடிநுழைவுச் சாவடி எதுவும் கிடையாது. 2006-ல் அலாஸ்காவிலிருந்து நீரிணையைப் பனிமேல் கடந்த இருவரை ரஷ்ய எல்லைக் காவலர்கள் பிடித்து வைத்தார்கள். நீரோட்டத்தில் பனிப்பாளங்கள் நகர்ந்து பிளப்பது வேறு ஆபத்து. அனுமதி பெற்றுக் கடந்தவர் அமெரிக்க நீச்சல் வீராங்கனை லின் காக்ஸ். 1987 ஆகஸ்ட் 7 அன்று சின்னத் தீவிலிருந்து பெரிய தீவுக்கு, உறைநிலையை ஒட்டிய குளிர்நீரில், இரண்டு மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதலாக நீந்தினார்.

கேள்வி: தேதிக் கோடு ஏன் அங்கே போகிறது?

பதில்: 1867 மார்ச் 30 ஒப்பந்தத்தில் ரஷ்யா அலாஸ்காவை விற்றபோது, இந்த இரண்டு தீவுகளுக்கும் சரிநடுவே எல்லை என்று எழுதினார்கள். அதுவரை அலாஸ்காவின் ரஷ்யக் குடியிருப்புகள் ஆசியக் கிழமையைப் பின்பற்றின, பழைய ஜூலியன் நாட்காட்டியோடு. அந்த நாட்காட்டி அமெரிக்காவின் கிரிகோரியன் நாட்காட்டிக்கு அப்போது 12 நாள் பின்தங்கியிருந்தது. கைமாறியதும் நாட்காட்டிக்காக 12 நாள் முன்னே போக வேண்டும், தேதிக் கோட்டுக்காக ஒரு நாள் பின்னே வர வேண்டும். அதனால் அக்டோபர் 6 வெள்ளிக்கு மறுநாள் அக்டோபர் 18, அதுவும் வெள்ளி. நடுவில் 11 தேதிகள் காணாமல் போயின. கிழமை மட்டும் இரண்டு முறை வந்தது.