தொராஜா எருமைகள்: கேளுங்கள், சொல்கிறேன்

கேள்வி: எருமைக்குத் தொராஜாவில் ஏன் இத்தனை மதிப்பு?

பதில்: தொராஜா மக்கள் இந்தோனேசியாவின் சுலவேசித் தீவில், தெற்கு மலைநாட்டில் வாழ்பவர்கள். எருமையைத் தெடோங் என்பார்கள். இறந்தவரின் உயிர் பூயா என்னும் மறுவுலகுக்கு எருமையின் துணையோடுதான் போய்ச்சேரும் என்பது பழைய நெறி. இன்று பெரும்பாலோர் கிறிஸ்தவர்கள். சாவில் எருமை வெட்டுவது மட்டும் நிற்கவில்லை.

கேள்வி: புள்ளி எருமை என்ன விலை?

பதில்: சாலெகோவைக் கேட்கிறீர்கள். கறுப்பும் வெள்ளையும் திட்டுத்திட்டாக, கண் வெளிறி இருக்கும். ஒரு காரின் விலைக்குப் போகும். விலையோடு நிறுத்திக்கொள்ளாதீர்கள், அது யார் கணக்கில் வந்து நிற்கிறது என்று கேளுங்கள்.

கேள்வி: சாவு வீட்டில் இத்தனை எருமைகளை வெட்டுவது வீண்தானே?

பதில்: வெட்டும் நாளை மட்டும் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். இறந்தவரை அவர்கள் உடனே அடக்கம் செய்வதில்லை. பதப்படுத்தி வீட்டிலேயே வைத்து, மாதக்கணக்கில், சில வீடுகளில் ஆண்டுக்கணக்கில், ‘நோயாளி’ என்றே பேசுவார்கள், சோறும் வைப்பார்கள். அதற்குள் பணமும் உறவும் திரள வேண்டும். மைத்துனன் ஓர் எருமைக்கடாவை ஓட்டிக்கொண்டு வந்தால் அது அன்பளிப்பு அல்ல, கடன். கொம்பின் நீளத்தைக் கையோடு வைத்து அளப்பது பழைய வழக்கம். நாளை அவன் வீட்டில் சாவு விழுந்தால் அதே தரத்தில் திருப்ப வேண்டும். தகப்பன் தீர்க்காததைப் பிள்ளை தீர்ப்பான். நம் மொய் நோட்டு நினைவுக்கு வருகிறதா? இறைச்சியும் அவரவர் தகுதிப்படிதான் பங்கிடப்படும். பங்கு மாறினால் அவமானம்.

கேள்வி: ஏழைகள் கடனில் மூழ்குவார்களே, வீண்தானே?

பதில்: முந்தைய பதிலைப் படியுங்கள். மூழ்குபவர்கள் உண்டு, அங்கேயே அதைக் கண்டிப்பவர்களும் உண்டு. ஆனால் கணக்கு புரியாமல் தீர்ப்பு எழுதாதீர்கள்.

கேள்வி: என் எருமை மூன்று நாளாகத் தீவனம் தொடவில்லை.

பதில்: கால்நடை மருத்துவரிடம். இன்றே.

கேள்வி: நீலகிரித் தோடர், தொராஜா: பெயரும் ஒன்றுபோல, இரு பக்கமும் சாவில் எருமைப் பலி. ஒரே இனம்தானே?

பதில்: இல்லை. தோடர் மொழி திராவிடக் குடும்பம்; தொராஜா மொழி ஆஸ்ட்ரோனேசியக் குடும்பம். தோடருக்கு எருமை என்றால் முதலில் பால், பிறகு கோயிலாகவே மதிக்கும் பால்மடம்.

கேள்வி: இரண்டு வீட்டுக் கூரையும் வளைந்துதானே இருக்கிறது?

பதில்: தோடர் கூரை தரையை நோக்கி வளைகிறது. தொங்கோனான் என்னும் தொராஜா வீட்டின் கூரை இரு முனையிலும் வானை நோக்கி எழுகிறது. வளைவை வைத்து வம்சம் கண்டுபிடிப்பதென்றால் வாழைப்பழமும் நம் உறவுதான்.

கேள்வி: தொங்கோனான் வீட்டு முன்தூணில் வரிசையாகக் கொம்புகள் ஏன்?

பதில்: நல்ல கேள்வி. அந்தக் குடும்பம் சாவுச் சடங்குகளில் வெட்டிய எருமைகளின் கொம்புகள் அவை. ஊருக்கு அந்தஸ்தைச் சொல்வது அந்தத் தூண்தான்.

கேள்வி: சாலெகோ சரியாக எவ்வளவு ரூபாய்?

பதில்: கார் வாங்கும்போது விசாரித்துக்கொள்ளுங்கள்.