ரோம்: புதன்கிழமைத் திட்டத்தை மாற்றுங்கள்

புதன்கிழமை தனி வழிகாட்டியோடு கலிஸ்துஸ் நிலத்தடிக் கல்லறை, அம்மாவுக்கு முழங்கால் வலி என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த இடத்துக்குப் புதன்தான் வார விடுமுறை. அதோடு, உள்ளே அழைத்துப்போவது கல்லறை நிர்வாகத்தின் வழிகாட்டிதான். அந்தக் கட்டணம் டிக்கெட்டிலேயே அடக்கம். தனி ஆளுக்குக் கொடுக்கும் பணம் அங்கே வீண்.

வியாழன் காலை அங்கே போங்கள், மதியம் இடைவேளை விடுவார்கள். வெயில் காலத்திலும் உள்ளே 15 டிகிரி அளவுதான், மேல்சட்டை வேண்டும். படிகள் செங்குத்து, தரை மேடுபள்ளம்; அம்மா மேலேயே இருக்கட்டும்.

உங்கள் வழிகாட்டியைப் புதனன்று சான் கிளெமென்தே தேவாலயத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள். அவர் தேவைப்படுவதே அங்கேதான்: மேலே 12ஆம் நூற்றாண்டுக் கோயில், அடியில் 4ஆம் நூற்றாண்டுக் கோயில், அதற்கும் அடியில் பண்டை ரோமானியர் வணங்கிய மித்ரா என்ற தெய்வம் காளையைக் கொல்லும் காட்சி செதுக்கப்பட்ட பலிபீடம். அடித்தளத்தில் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்கும், கொஞ்சம் பேசாமல் நில்லுங்கள். அம்மா மேல்கோயிலின் மொசைக்கை (சிறு வண்ணத் துண்டுகள் பதித்த ஓவியம்) பார்த்துக்கொண்டு உட்காரலாம்.

பிறகு சான்தா புதென்சியானா தேவாலயம். கி.பி. 400 வாக்கிலான மொசைக்கில் இயேசுவின் சீடர்களை எண்ணிப் பாருங்கள், பத்துப்பேர்தான். ஓரத்து இருவர் 16ஆம் நூற்றாண்டுச் சீரமைப்பில் போய்விட்டார்கள். தெருவிலிருந்து கோயிலுக்குப் படியிறங்க வேண்டும், அம்மாவுக்குக் கைப்பிடித்து உதவுங்கள்.